வழக்கமாகத் தங்குபவர்

எனக்குக் கொடுத்த வரைபடத்தில்
ஆனைவிளைத்துறைக்கு மூன்று தெருக்கள்.
இரண்டில்தான் நடக்க முடிந்தது.
மூன்றாவது, போன ஆடிக்கு முந்தின ஆடியில்
கடலுக்குள் இறங்கிவிட்டது.
கதவெண் நாற்பத்தொன்று முதல் ஐம்பத்தேழுவரை
தூண்டில் வளைவுக் கல்மேல் நின்று பார்த்தேன்:
நுரை, ஒரு கழிவறையின் நீலப் பீங்கான், நுரை.
பூட்டிய வீட்டுக்கு ஒரு குறியீடு உண்டு,
இடிந்த வீட்டுக்கும் உண்டு.
தண்ணீருக்கு எதுவும் தரவில்லை.
மேற்பார்வையாளரைக் கூப்பிட்டேன்.
"ஒரு கோடு போட்டு விடுங்க டீச்சர்."
பதினேழு வீட்டுக்கும் அந்த ஒரே கோடு.

கிழக்குத் தெரு ஊராட்சி, மேற்குத் தெரு பேரூராட்சி.
நடுவில் ஓடும் சாக்கடை
எப்போதும் அடுத்தவருடையது.
ஓட்டு கிள்ளியூர் தொகுதியில்.
வருவாய்க் கிராமத்தின் பெயரோ
மூன்று கிலோமீட்டர் உள்ளே
ரப்பர் மரங்களுக்கிடையில் இருக்கும் வேறோர் ஊரின் பெயர்;
அவர்கள் இங்கே மீன் வாங்க மட்டும் வருவார்கள்.
கிராமமா நகரமா என்ற கட்டத்தில்
எனக்கு முன்னால் வீடுகளை எண்ண வந்தவர்
இரண்டையும் அடித்துவிட்டு
துறை என்று எழுதியிருந்தார்.
அதைச் சிவப்பு மையில் யாரோ வட்டமிட்டிருந்தார்கள்.

வரிசை எண் இருபத்தொன்பது, புளோரிபாய்.
நெத்திலி காயும் வலையை ஒதுக்கி
பிளாஸ்டிக் நாற்காலி போட்டாள்.
குடும்பத் தலைவர்?
"சைரஸ். ஈரான்லயாக்கும். லாஞ்சில.
பதினோரு மாசம் ஆச்சு."
அவன் பெயரைக் கேட்டதும் முதலாளி விழுந்து விழுந்து சிரித்தானாம்:
கூரோஷ்! எங்கள் பழைய ராஜா பெயர்!
ராஜா என் லாஞ்சில் ஐஸ் உடைக்கிறான்!
அதைச் சொல்லிப் புளோரிபாயும் சிரித்தாள்.
பங்கு நாலு மாதமாக வரவில்லை,
பாஸ்போர்ட் முதலாளி அலமாரியில்.
அதைச் சொல்லும்போது
வலையில் ஒட்டிய ஒரு நெத்திலியை நகத்தால் பெயர்த்துக்கொண்டிருந்தாள்.

கையேட்டை வாசித்துக் காட்டினேன்:
ஆறு மாதம் ஓரிடத்தில் தங்கியவர்
அல்லது தங்கப் போகிறவர்
அந்த இடத்துக்காரர்.
"அப்ப அவிய அந்த ஊருக் கணக்குல வருவாவளா?"

அது சின்ன ஊராம்.
எண்பது வீடு, ஒரு பள்ளிவாசல், ஒரு தண்ணீர்த் தொட்டி.
பேசுவதெல்லாம் பாரசீகம்.
லாஞ்சுக்காரர்கள் கரையில் இறங்கக் கூடாது.
சோறும் தூக்கமும் பலகைமேல்;
இரவில் எண்பது வீட்டின் விளக்குகளையும்
அங்கிருந்தே பார்க்கலாமாம்.
அந்த ஊருக்கும் என்னைப் போல் ஒருத்தி
பையைத் தூக்கிக்கொண்டு வருவாள்.
கடைசி வீட்டோடு திரும்பிப் போவாள்.
"தெரியல்லியே" என்றேன்.

தாய்மொழி தமிழ்.
அறிந்த பிற மொழிகள்?
"எனக்கு மலையாளம். இவனுக்கு பார்சி."
இவன் ஜெரோன், வயது நாலு.
மீன் பெட்டி எண்ணும் எண்களை
அப்பன் போனில் சொல்லிக் கொடுத்திருக்கிறான்.
எண்ணத் தெரிந்தால் மொழி தெரிந்ததாகுமா?
நான் கையேட்டைப் புரட்டுவதற்குள்
அவன் ஆரம்பித்துவிட்டான்.
அம்மாவின் முட்டியைத் தொட்டு, யெக்.
தொட்டிலில் தங்கச்சி, தோ.
தன் வயிறு, செ.
சார்ஜில் கிடந்த போனுக்கு
எக்கி நின்று, சஹார்.

என் தாளில் மூன்று.

சாயங்காலம் பள்ளிக்கூடத்தில் கூட்டினோம்.
பெண்கள் இருநூற்றுப் பதினெட்டு.
ஆண்கள் நூற்று நாற்பத்தொன்று.
மேற்பார்வையாளர் கண்ணாடியைக் கழற்றினார்.
"எங்கேயோ விட்டிருக்கு டீச்சர்,
இன்னொரு தடவை பாருங்க."
இன்னொரு தடவை பார்த்தேன்,
வரிவரியாக, விரல் வைத்து,
ஏனோ யெக், தோ, செ, சஹார் என்று.
நாலுக்கு மேல் எனக்குத் தெரியாது.